இரு பாசறை, ஒரே வேதம்: அமெரிக்க உள்நாட்டுப் போர்ச் சிப்பாய்களின் சோறும் ஜெபமும்

மும்பை கோட்டைப் பகுதியில் பல்கலைக்கழக வளாகத்துக்குள் நிற்கும் ராஜாபாய் கோபுரத்தை இங்குள்ள தமிழர்களில் பார்க்காதவர் இருக்க முடியாது. சர்ச்கேட்டில் இறங்கி ஆபீசுக்கு நடந்தவர்கள் பலருக்கு அதுதான் கடிகாரம். உயரம் 280 அடி. கட்டி முடித்த ஆண்டு 1878. பிரேம்சந்த் ராய்சந்த் என்னும் பருத்தி வியாபாரி தம் தாயார் ராஜாபாய் பெயரால் பணம் கொடுத்துக் கட்டுவித்தது. அந்த அம்மாள் ஜைன நோன்பில் உறுதியானவர், சூரியன் சாய்ந்த பிறகு வாயில் ஒன்றும் போடமாட்டார், கண் மங்கிய தாய்க்கு வேளை தெரியட்டும் என்று மகன் மணிக்கூண்டு எழுப்பினார் என்று ஒரு கதை சொல்வார்கள். நானும் சமணன்தான், தமிழ்நாட்டு நயினார் குடும்பம். எங்கள் வீட்டிலும் விளக்கு வைக்குமுன் சாப்பாடு முடிந்து அடுப்பு அணைந்துவிடும். அதனால் இந்தக் கதை எனக்கு ரொம்பப் பிடிக்கும்.

சரி, அந்தப் பணம் எங்கிருந்து வந்தது? 1861 ஏப்ரலில் அமெரிக்காவின் வட மாநிலங்களுக்கும் தென் மாநிலங்களுக்கும் போர் மூண்டது. அதுவரை இங்கிலாந்து ஆலைகளுக்குப் போன பருத்தியில் ஏறக்குறைய ஐந்தில் நான்கு பங்கு அமெரிக்கத் தெற்கில் விளைந்தது. வடக்கின் கப்பற்படை தென் துறைமுகங்களை அடைத்ததும் பஞ்சு வரத்து நின்றது, விலை ஏறியது, பம்பாய்க்கு யோகம் அடித்தது. திருநெல்வேலிப் பஞ்சும் தூத்துக்குடியில் கப்பல் ஏறியது. மெத்தையைக் கிழித்துப் பஞ்சை எடுத்து விற்றார்கள் என்றுகூட அந்நாளைய பம்பாயைப் பற்றிச் சொல்வதுண்டு. 1865 ஏப்ரலில் போர் முடிந்தது; ஜூலையில் பம்பாய்ப் பங்கு வியாபாரம் கவிழ்ந்தது. பிரேம்சந்தும் அதில் விழுந்தார். பிற்பாடு எழுந்தார் என்பது வேறு கதை.

கணக்கு எழுதுகிறவனுக்கு ஒரு பழக்கம் உண்டு. வரவு என்று ஒரு தொகையைப் பார்த்தால், இதற்கு எதிர்ப் பற்று எந்தப் பேரில் இருக்கிறது என்று கண் தேடும். பம்பாயின் வரவைப் பற்றிப் புத்தகங்கள் நிறைய. பற்றுப் பக்கத்தில் கிடந்த சிப்பாய் யார், அவன் என்ன தின்றான், எப்படித் தூங்கினான், யாரை எப்படிக் கும்பிட்டான் என்று தெரிந்துகொள்ள ஆசைப்பட்டுப் பல வருஷமாகக் கிடைத்ததையெல்லாம் படித்து வந்தேன். நான் கல்லூரிக்குப் போனவன் இல்லை. கடை சாத்திய பிறகு படித்த படிப்புதான். அதில் என்னை உறுத்திய ஒரு விஷயத்தை இம்மலர் வாசகர்கள் முன் வைக்கிறேன்.

யார் இந்தச் சிப்பாய்கள்?

போருக்கு முன் அமெரிக்காவின் நிரந்தரப் படை சுமார் 16,000 பேர்தான். நாலு வருஷத்தில் இரு தரப்பும் சேர்ந்து முப்பது லட்சத்தை ஒட்டி ஆள் திரட்டின. ஆக, இவர்கள் பரம்பரைப் போர்வீரர்கள் அல்லர். பெரும்பாலோர் குடியானவர் வீட்டுப் பிள்ளைகள்; சராசரி வயது இருபத்தைந்து, இருபத்தாறு. போரில் இறந்தவர் 6,20,000 என்று வெகுகாலம் சொல்லி வந்தார்கள். 2011-இல் மக்கள்தொகைக் கணக்கை வைத்து மறுபடி போட்டுப் பார்த்து 7,50,000 அளவில் இருக்கும் என்றார்கள். எந்தக் கணக்கைக் கொண்டாலும், போரில் குண்டடி பட்டுச் செத்தவர்களைப் போல இரண்டு மடங்கு பேர் நோயில் செத்தார்கள் என்பது மாறவில்லை.

போருக்குக் காரணம் அடிமை முறை. 1860 கணக்குப்படி தெற்கில் அடிமைகள் 40 லட்சத்துக்குச் சற்றுக் குறைவு. நாடு உடைவதற்கு முன்னால் கோயில் உடைந்தது என்பதை இங்கே கவனிக்க வேண்டும். மெதடிஸ்ட் சபை 1844-45-இலும் பாப்டிஸ்ட் சபை 1845-இலும் இதே அடிமைப் பிரச்சினையில் வடக்கு தெற்கு என்று பிரிந்துவிட்டன. ஒரே வேதாகமத்தைப் பிரித்து வைத்துக்கொண்டு, அடிமை வைப்பது பாவம் என்று ஒருவர் காட்டினார். ஆபிரகாம் காலத்திலிருந்தே உண்டே என்று மற்றவர் காட்டினார். இரு தரப்பும் ஒரே வேதத்தைப் படித்து ஒரே கடவுளை வேண்டுகிறார்கள் என்று 1865 மார்ச்சில் தம் இரண்டாம் பதவியேற்பு உரையில் லிங்கன் மனம் நொந்து சொன்னது இதைத்தான்.

கல் ரொட்டியும் காப்பியும்

இனி அன்றாடத்துக்கு வருவோம். எனக்கு ருசியான பகுதி இது.

வடக்குச் சிப்பாயின் படி இவ்வளவு என்று சட்டமே வகுத்திருந்தது. நாளொன்றுக்கு உப்பிட்ட பன்றி இறைச்சி முக்கால் பவுண்டு அல்லது மாட்டிறைச்சி ஒன்றேகால் பவுண்டு, ரொட்டி ஒரு பவுண்டு, அப்புறம் காப்பி, சர்க்கரை, உப்பு. ரொட்டி என்றால் நாம் நினைக்கிற ரொட்டி இல்லை. 'ஹார்ட்டாக்' என்று பெயர். மாவும் தண்ணீரும் சேர்த்துச் சுட்ட சதுர பிஸ்கட், ஏறக்குறைய மூன்று அங்குல அகலம், அரை அங்குலக் கனம். ஒரு நாளைக்கு ஒன்பது அல்லது பத்து. துப்பாக்கிக் கட்டையால் உடைத்துத் தின்பார்களாம். நாள்பட்டதில் வண்டும் புழுவும் குடியிருக்கும். அதற்கு ஒரு யுக்தி வைத்திருந்தார்கள்: கொதிக்கிற காப்பியில் உடைத்துப் போட்டால் வண்டு மேலே மிதக்கும், வழித்துக் கொட்டிவிட்டுக் குடிப்பது. ஜான் பில்லிங்ஸ் என்ற பழைய சிப்பாய் 1887-இல் எழுதிய நூலுக்கே இந்த ரொட்டியையும் காப்பியையும் சேர்த்துத்தான் தலைப்பு வைத்தார். இருட்டில் சாப்பிட்டால் புழு இருப்பதும் இல்லாததும் தெரியாது என்று அவர் ஹாஸ்யமாக எழுதுகிறார். இரவு உண்ணாமை நோன்பை எங்கள் பெரியவர்கள் எதற்கு வைத்தார்கள் என்று பேரப்பிள்ளைகள் கேட்டால் நான் இந்தக் கதையைத்தான் சொல்கிறேன்.

தெற்குச் சிப்பாய்க்கு இதுவும் கிடையாது. மக்காச்சோள மாவும் கொஞ்சம் பன்றிக் கொழுப்பும். துறைமுகம் அடைபட்டதால் காப்பிக்கொட்டை அறவே இல்லை. வறுத்த சோளம், சர்க்கரைவள்ளிக்கிழங்கு, வேர்க்கடலை, சிக்கரி என்று எதை எதையோ பொடித்துக் குடித்தான். சிக்கரி கலந்ததைக் காப்பியா இது என்று அவன் திட்டினான். நாம் காசு கொடுத்துக் கலக்கச் சொல்லி வாங்குகிறோம்.

படுக்கை? இரண்டு பேர் ஆளுக்கொரு கித்தான் துண்டு சுமந்து போவார்கள். ராத்திரி இரண்டையும் பொத்தான் போட்டுச் சேர்த்தால் ஒரு கூடாரம். நாய் நுழையும் உயரம்தான், அதனால் நாய்க்கூடாரம் என்று பெயர். சீலைப்பேன் இல்லாத உடம்பே கிடையாது. தளபதி முதல் சமையல்காரன் வரை சமத்துவம். குழந்தைப் பருவத்தில் கிராமத்தைத் தாண்டாத பையன்கள் ஆயிரக்கணக்கில் ஓரிடத்தில் கூடியதும் முதலில் தட்டம்மை வந்து வாரிக்கொண்டு போனது. பிறகு வயிற்றுப்போக்கு, சீதபேதி, டைபாய்டு. கழிப்பிடத்துக்கும் குடிநீருக்கும் நடுவே இடைவெளி வேண்டும் என்கிற அறிவு அந்நாளில் பாசறைக்கு வரவில்லை.

பாசறையில் கடையும் உண்டு. சட்லர் என்று பெயர். படைப்பிரிவுக்கு ஒருவர், அரசு அனுமதியுடன். வெண்ணெய், பாலாடைக்கட்டி, டின் பால், புகையிலை, பிஸ்கட் விற்பார். வெல்லப்பாகு பிஸ்கட் ஆறு, கால் டாலர். சாதாரணச் சிப்பாய்க்குச் சம்பளம் மாதம் 13 டாலர் (1864-இல் 16 ஆனது), அதுவும் மாசக்கணக்கில் பாக்கி நிற்கும். கடனுக்குக் கொடுத்துவிட்டுச் சம்பள நாளில் ஆறில் ஒரு பங்கு வரை நேராகப் பிடித்துக்கொள்ளச் சட்டம் சட்லருக்கு இடம் கொடுத்தது. சிப்பாய்கள் அவனை வெறுத்தார்கள். சமயம் வாய்த்தால் கூடாரத்தைக் கவிழ்த்துச் சூறையாடினார்கள்.

படித்தபோது முதலில் எனக்குச் சட்லர் பக்கம்தான் பரிவு வந்தது. போர்க்களத்துக்கு வண்டி கட்டிச் சரக்குக் கொண்டுபோவது லேசா? பாதிச் சரக்கு வழியிலேயே போய்விடும். விலை ஏறத்தானே செய்யும்? அப்புறம் 1993 ஜனவரி ஞாபகம் வந்தது. மும்பைக் கலவர நாட்கள், ஊரடங்கு. என் கடையில் அரிசி இருந்தது. வரத்து இல்லை, நாளைக்கு என்ன ஆகுமோ என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டு கிலோவுக்கு இரண்டு ரூபாய் கூட்டி விற்றேன். வாங்கினவர்கள் எல்லாம் நம்ம ஜனங்கள், தெரிந்த முகங்கள். ஒருவரும் ஒன்றும் கேட்கவில்லை. கேட்காததுதான் இன்றைக்கும் நிற்கிறது. சட்லர் கதையை அதற்கு மேல் எனக்கு வக்காலத்து வாங்கத் தோன்றவில்லை.

எதிரிகளுக்குள்ளேயே நடந்த வியாபாரம் இதைவிட நேர்மையானது. 1862-63 குளிர்காலத்தில் வர்ஜீனியாவில் ரப்பஹானக் ஆற்றின் வடகரையில் ஒரு படை, தென்கரையில் ஒரு படை. காவல் நின்ற பையன்கள் பலகையில் சிறு தோணி செய்து பாய் கட்டி மிதக்கவிட்டார்கள். இந்தப் பக்கமிருந்து காப்பி, அந்தப் பக்கமிருந்து புகையிலை. கூடவே செய்தித்தாளும் போய்வரும். எடைக்கல் இல்லை, சீட்டு இல்லை. அளவு குறைந்ததாகப் புகாரும் இல்லை. அதே டிசம்பர் 30-ஆம் தேதி ராத்திரி டென்னஸியில் ஸ்டோன்ஸ் ஆற்றங்கரையில் எதிரெதிரே இறங்கியிருந்த இரு படைகளின் வாத்தியக் குழுக்களும் போட்டிக்கு வாசித்துக்கொண்டிருந்தன. கடைசியில் ஒரு குழு வீட்டு நினைவைப் பாடும் மெட்டை எடுக்க, மற்றதும் சேர்ந்துகொள்ள, இரு பக்கச் சிப்பாய்களும் ஒன்றாகப் பாடினார்கள். விடிந்ததும் சண்டை. மூன்று நாளில் செத்தவர், காயம்பட்டவர், பிடிபட்டவர் எல்லாம் சேர்த்து 23,000-க்கு மேல்.

சட்டைப்பையில் வேதம்

வடக்குப் படையில் பத்துக்கு ஒன்பது பேருக்கும், தெற்கில் பத்துக்கு எட்டு பேருக்கும் எழுதப் படிக்கத் தெரியும். கடிதங்களைத் தணிக்கை செய்யும் வழக்கமும் இல்லை. அதனால் இவர்கள் மனசில் ஓடினது நமக்குக் கிடைத்திருக்கிறது.

அமெரிக்க வேதாகமச் சங்கம் போர்க்காலத்தில் அச்சிட்டு வழங்கிய வேதாகமங்களும் புதிய ஏற்பாடுகளும் முப்பது லட்சத்துக்கு மேல். அதில் ஒரு பகுதி வெள்ளைக்கொடி காட்டித் தெற்குக்கும் போனது! தெற்கில் அச்சகமும் காகிதமும் அருமை. ரிச்மண்ட் நகரத்துப் பாதிரியார் மோசஸ் ஹோக் முற்றுகையைத் தாண்டிக் கப்பலில் லண்டன் போய், அங்கிருந்த வேதாகமச் சங்கத்திடம் 10,000 வேதாகமங்களும் 50,000 புதிய ஏற்பாடுகளும் பெற்றார். 1861 நவம்பரில் நியூயார்க்கில் தொடங்கிய கிறிஸ்தவ ஆணையம் சுமார் 5,000 தொண்டர்களைப் பாசறைகளுக்கு அனுப்பியது. அவர்கள் துண்டுப் பிரசுரமும் கொடுத்தார்கள். சூடாகக் காப்பியும் கொடுத்தார்கள். எதற்குக் கூட்டம் கூடியது என்று கேட்க வேண்டியதில்லை.

சாதாரண நாளில் பாசறை ஒன்றும் புண்ணிய பூமி இல்லை. சீட்டாட்டம், சாராயம், கெட்ட பேச்சு எல்லாம் உண்டு. சண்டைக்குப் புறப்படும் காலையில் மட்டும் வழிநெடுகச் சீட்டுக்கட்டுகள் சிதறிக் கிடக்குமாம். செத்தால் உடைமையை ஊருக்கு அனுப்புவார்கள், அம்மா பிரிக்கும்போது வேதம் இருக்க வேண்டும், சீட்டு இருக்கக் கூடாது. பிழைத்து வந்தவன் மறுநாள் புதுக்கட்டு தேடுவான். மனித சுபாவம் எங்கும் ஒன்றுதான்.

1862 இறுதி முதல் தெற்குப் படையில் எழுப்புதல் கூட்டங்கள் பெருகின. கெட்டிஸ்பர்க் தோல்விக்குப் பிறகு 1863-64 குளிர்காலத்தில் மரத்தை வெட்டிப் பாசறைக்குள்ளேயே ஜெபக்கூடங்கள் கட்டினார்கள். பனி உறைந்த ஓடையில் பனியை உடைத்து ஞானஸ்நானம் பெற்றார்கள். தெற்குப் படையில் ஒரு லட்சம் பேருக்குமேல் மனம் திரும்பினார்கள் என்று பாதிரிமார் கணக்கு. லியோனிடாஸ் போல்க் என்பவர் பிஷப்பாக இருந்துகொண்டே படைத்தளபதி. 1864 மே மாதம் தம் சக தளபதிகள் இருவருக்குப் பாசறையிலேயே ஞானஸ்நானம் கொடுத்தார். ஜூன் 14-இல் பீரங்கிக் குண்டு பட்டு இறந்தபோது சட்டைப்பையில் பக்திப் பிரசுரங்கள் இருந்தன.

சிறுபான்மைக்காரன் என்பதால் என் கண்ணில் தனியாகப் பட்ட செய்தி ஒன்று. 1861-இல் வடக்கு நிறைவேற்றிய சட்டப்படி படைக் குருவாக இருப்பவர் ஏதாவது ஒரு கிறிஸ்தவப் பிரிவைச் சேர்ந்திருக்க வேண்டும். யூதர்கள் அதிகமாக இருந்த ஒரு பென்சில்வேனியக் குதிரைப்படை தங்கள் ஆள் மைக்கேல் ஆலனைத் தேர்ந்தெடுத்திருந்தது. சட்டத்தைக் காட்டியதால் அவர் விலக வேண்டி வந்தது. அர்னால்ட் ஃபிஷெல் என்ற யூத குரு அந்த டிசம்பரில் லிங்கனையே போய்ப் பார்த்தார். லிங்கன் வாக்குக் கொடுத்தார். 1862 ஜூலையில் சட்டம் திருந்தியது. செப்டம்பரில் ஃபிலடெல்ஃபியாவின் ஜேக்கப் ஃபிராங்கல் முதல் யூதப் படைக்குருவானார். கைப்பிடி ஜனம்தான். கேட்டார்கள், கிடைத்தது.

கத்தோலிக்கர் பக்கத்திலிருந்து இரண்டு பாதிரிமார்களைச் சொல்லாமல் விட மனசு வரவில்லை. 1863 ஜூலை 2, கெட்டிஸ்பர்க். அயர்லாந்துக்காரர்கள் நிறைந்த படைப்பிரிவில் அன்று மிஞ்சியிருந்தது சுமார் 530 பேர். களத்தில் இறங்குமுன் வில்லியம் கார்பி பாதிரியார் ஒரு பாறைமேல் ஏறிக் கை தூக்கி எல்லாருக்கும் மொத்தமாகப் பாவமன்னிப்பு வழங்கினார். தனித்தனியாகக் கேட்க நேரமில்லை. அன்று மாலைக்குள் அவர்களில் ஏறக்குறைய 200 பேர் இறந்தோ காயம்பட்டோ காணாமலோ போனார்கள். முப்பது வருஷம் கழித்து எழுதிய நினைவுக் குறிப்பில் அவர் ஒன்று சொல்கிறார்: அந்த மன்னிப்பைத் தம் படைக்கு மட்டும் நினைத்துக் கொடுக்கவில்லையாம். அன்று சாகப்போகிற வடக்கு, தெற்கு எல்லாருக்குமாகத்தான் கொடுத்தாராம். இவர்கள் சுடப்போகிறவர்களுக்கும் சேர்த்து!

மற்றவர் பீட்டர் வீலன். தெற்கைச் சேர்ந்தவர், அறுபது தாண்டியவர். ஜார்ஜியாவில் ஆண்டர்சன்வில் சிறைமுகாமில் வடக்குக் கைதிகள் மொத்தம் 45,000 பேர் அடைபட்டார்கள். 13,000 பேர் அளவில் செத்தார்கள். 1864 கோடையில் இந்தக் கிழவர் தினம் உள்ளே போய்ச் சாகிறவர்கள் பக்கத்தில் மண்டியிட்டார். கிளம்பும்போது 16,000 தெற்கு டாலர் கடன் வாங்கி, 10,000 பவுண்டு மாவு வாங்கி ரொட்டி சுட வைத்துவிட்டுப் போனார். பவுண்டு 1.60 டாலர் விழுகிறது. அப்போது தெற்குச் சிப்பாயின் மாதச் சம்பளம் 18 டாலர். பதினோரு பவுண்டு மாவு வாங்கலாம். காவல்காரனுக்கும் பசிதான். அந்த நிலையில் எதிரிக்கு வாங்கினார்.

விடுதலை பெற்றவர்களின் பாட்டு

வடக்குப் படையில் கறுப்பினத்தவர் சுமார் 1,80,000 பேர் சேர்ந்தார்கள். நேற்றுவரை அடிமைகள் பலர். பிடிபட்டால் மறுபடி அடிமைத்தளையோ தூக்கோ. இவர்களுக்குச் சம்பளம் மாதம் 10 டாலர். அதிலும் உடைக்கு 3 பிடித்தம். மாசச்சூசெட்ஸ் 54-ஆம் படையினர் சமச் சம்பளம் தராவிட்டால் வேண்டவே வேண்டாம் என்று ஒன்றரை வருஷம் சம்பளமே வாங்காமல் சண்டை போட்டார்கள். 1864 ஜூனில்தான் சட்டம் இறங்கி வந்தது.

இவர்களின் பக்தியைப் பற்றி நாம் அறிவது பெரும்பாலும் தாமஸ் ஹிக்கின்சன் எழுதியதிலிருந்து. அவரே முன்னாள் பாதிரியார். தென் கரோலினாவில் விடுதலை பெற்ற அடிமைகளைக் கொண்டு அமைந்த முதல் படைக்குத் தலைவர். ராத்திரி தீ மூட்டி, சுற்றி வட்டமாக நின்று, காலைத் தேய்த்துத் தேய்த்து நகர்ந்து, கைதட்டிப் பாடுவார்கள். நம்மூர்க் கும்மி மாதிரி இருந்திருக்கும். எகிப்தில் அடிமைப்பட்ட ஜனத்தை மோசே அழைத்துப் போன கதை மற்றவர்களுக்குப் பழைய ஏற்பாடு, இவர்களுக்கு அந்த வாரத்துச் செய்தி. 1863 ஜனவரி 1, விடுதலைப் பிரகடனம் வாசித்த விழாவில் கொடியைக் கொடுத்த கணத்தில், நிகழ்ச்சி நிரலில் இல்லாமல், ஒரு முதியவரின் குரல் தேசப் பாட்டை எடுத்தது. பெண்கள் சேர்ந்தார்கள். மேடையிலிருந்த வெள்ளையர் கூடப் பாட ஆரம்பித்தபோது ஹிக்கின்சன் கையமர்த்தினார், இது அவர்கள் பாட்டு என்று. இந்தப் படையில் துணி வெளுக்கச் சேர்ந்த சூசி கிங் டெய்லர் என்ற இளம்பெண், அடிமைக்கு எழுத்துச் சொல்லித்தரக் கூடாது என்று தடை இருந்த ஊரில் ரகசியமாகப் படித்தவள், சிப்பாய்களுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுத்தாள். வேதத்தைத் தன் கண்ணால் படிக்க வேண்டும் என்ற ஆசையே பலருக்கு அகரம் தொடங்கக் காரணம்.

சாவதும் கொல்வதும்

அக்காலத்து அமெரிக்கக் குடும்பத்துக்கு நல்ல சாவு என்றால் வீட்டில், உற்றார் சுற்றி நிற்க, புத்தி தெளிவாக, கடவுள் பேரைச் சொல்லிக்கொண்டு போவது. போர் அதைப் பறித்தது. அதனால்தான் பக்கத்துக் கூடாரத்து நண்பன் செத்தவனின் தாய்க்கு எழுதும் கடிதங்கள் எல்லாம் ஒரே அச்சில் இருக்கின்றன: நினைவோடு இருந்தான், உங்களைக் கேட்டான், ஜெபம் செய்தான், பயப்படவில்லை. எங்களுக்கு இது புரியும். கடைசி மூச்சில் மனம் எங்கே நின்றது என்பது பெரிய விஷயம் என்று நம்புகிற சமயம் எங்களுடையது. எங்கள் பெரியவர்கள் படுத்துவிட்டால் காதில் பஞ்ச நமஸ்காரம் ஓதுவோம். செத்தவன் யார் என்று காட்ட அடையாள வில்லைகூட அந்நாளில் கிடையாது. 1864 ஜூனில் கோல்டு ஹார்பரில் மறுநாள் தாக்குதல் என்றதும் சிப்பாய்கள் பேரையும் ஊரையும் தாளில் எழுதிச் சட்டை முதுகில் தைத்துக்கொண்டார்கள் என்று அங்கிருந்த அதிகாரி ஹொரேஸ் போர்ட்டர் எழுதியிருக்கிறார். போருக்குப் பின் 1871 வரை வடக்கு அரசு 3,03,536 உடல்களைத் தோண்டியெடுத்து 74 தேசிய மயானங்களில் அடக்கியது. பேர் தெரிந்தது பாதிக்குச் சற்று அதிகம். தெற்குக்காரன் உடலை அதில் சேர்க்கவில்லை.

என்னை உறுத்தியது இதுதான். நான் படித்தவரை இந்தக் கடிதங்களில் தன் சாவைப் பற்றிய பேச்சு ஏராளம். தான் கொன்றவனைப் பற்றிய பேச்சு மிகக் குறைவு. கொலை செய்யாதே என்பது பத்துக் கட்டளையில் ஒன்று. இரு பக்கமும் மனப்பாடம். இருந்தும் பாதிரிமார் கொடுத்த தைரியம் முக்கால்வாசியும் சாவதற்கான தைரியம். கொல்வதைக் கடமை என்ற ஒரு சொல்லில் மூடிவிட்டார்கள்.

எங்கள் நூல்கள் இல்லறத்தானின் ஹிம்சையை நாலாகப் பிரிக்கும். வேண்டுமென்றே செய்வது சங்கல்பி. சமைப்பது, அரைப்பது, கூட்டுவதில் நேர்வது ஆரம்பி. உழவு, வியாபாரம் போன்ற தொழிலில் நேர்வது உத்தியோகி. தாக்க வந்தவனை எதிர்ப்பதில் நேர்வது விரோதி. முதலாவதை அறவே விட வேண்டும். மற்ற மூன்றையும் இல்லறத்தான் முழுக்க விட முடியாது, குறைக்க வேண்டும், அவ்வளவுதான். இந்த அளவுகோலை வைத்துப் பார்த்தேன். தெற்குக்காரர்கள்தான் முதலில் சம்டர் கோட்டையைச் சுட்டார்கள் என்று வடக்குச் சிப்பாய் எழுதுகிறான். அவர்கள் என் மண்ணில் வந்து நிற்கிறார்கள் என்று தெற்குச் சிப்பாய் எழுதுகிறான். இரண்டு பேரேட்டிலும் ஒரே தலைப்பு, விரோதி. கறுப்புச் சிப்பாய் ஒருவன் அப்படி எழுதினால் மட்டும் நான் மறுபேச்சில்லாமல் ஒத்துக்கொள்வேன். பிரேம்சந்த் ராய்சந்தின் பஞ்சும் என் அரிசியும் உத்தியோகி என்ற தலைப்பில் அடங்குமா என்று யோசித்திருக்கிறேன். கூட்டி வைத்த இரண்டு ரூபாய் அடங்காது.

ஸ்ரீபுராணத்தில் பரதன், பாகுபலி என்னும் அண்ணன் தம்பி கதை வருகிறது. இருவர் படையும் எதிரெதிரே வந்து நின்றுவிட்டது. உங்கள் இருவர் வழக்குக்கு இத்தனை பேர் ஏன் சாக வேண்டும் என்று அமைச்சர்கள் கேட்டார்கள். அண்ணனும் தம்பியும் மட்டும் கண்ணோடு கண், தண்ணீரில், மல்லில் என்று மூன்று விதமாக மோதிக்கொண்டார்கள். படை வேடிக்கை பார்த்தது. வென்ற தம்பி காட்டுக்குத் தவம் செய்யப் போய்விட்டான்; சிரவணபெளகொளாவில் நிற்பது அவன்தான். அமெரிக்காவில் அப்படிக் கேட்க அமைச்சர் இல்லை என்று சொல்லமாட்டேன். அடிமைப்பட்ட 40 லட்சம் பேரின் வழக்கு இரண்டு பேர் மல்லுக்கட்டித் தீர்க்கிற வழக்கு இல்லை. இந்த இடத்தில் என் புராணமும் எனக்குக் கை கொடுக்கவில்லை, உள்ளதைச் சொல்லிவிடுகிறேன்.

ஆனால் துப்பாக்கியைத் தொடமாட்டேன் என்றவர்கள் அங்கேயும் இருந்தார்கள். குவேக்கர், மெனோனைட், டங்கர் என்னும் சிறு சபையினர். தெற்கு 1862-இல் 500 டாலர் கட்டினால் இவர்களை விட்டது. வடக்கில் 1863 சட்டப்படி யாரும் 300 டாலர் கட்டி விலகலாம். 1864-இல் இத்தகைய சபையாருக்கு மருத்துவமனைப் பணி என்ற வழியும் வந்தது. 300 டாலர் என்பது சிப்பாயின் 23 மாதச் சம்பளம்.

வெர்மாண்ட் மாநிலத்துக் குவேக்கர் சைரஸ் பிரிங்கிள், வயது 25, 1863 ஜூலையில் குலுக்கலில் பேர் வந்தது. பணம் கட்ட மாமா தயார். இவர் வேண்டாம் என்றார். தன் பணத்தில் இன்னொருவன் போய்ச் சுடுவான், அதுவும் நான் சுடுவதுதான் என்பது வாதம். பிடித்துக்கொண்டு வர்ஜீனியா பாசறைக்கு அனுப்பினார்கள். துப்பாக்கியைத் துடைக்கச் சொன்னதற்கு மறுத்தார். கை கால்களை விரித்து முளையடித்துத் தரையில் கட்டி வெயிலில் மணிக்கணக்கில் போட்டார்கள். தம் வேதனைக்காக அவ்வளவாக அழவில்லை, தம் நாட்டில் இப்படியெல்லாம் நடக்கிறதே என்ற வருத்தத்தால்தான் அழுதேன் என்று நாட்குறிப்பில் எழுதியிருக்கிறார். படைச் சேவைக்குப் பதிலாகத் தந்த மருத்துவமனை வேலையும் அவர் மனசுக்கு ஒப்பவில்லை. விஷயம் லிங்கன் வரை போய், நவம்பரில் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள்.

பிற்காலத்தில் பிரிங்கிள் செடி கொடிகளைத் தேடி மெக்சிகோ மலைகளெல்லாம் அலைந்து பெரிய தாவர ஆய்வாளர் ஆனார். 1911-இல் இறந்தார். அவர் உலர்த்தி ஒட்டிவைத்த செடிகள் வெர்மாண்ட் பல்கலைக்கழகத்தில் அவர் பேர் தாங்கிய தாவரக் காப்பகத்தில் இருக்கின்றன. தரையில் கட்டிப் போட்ட நாட்களைப் பற்றிய அந்த நாட்குறிப்பு 1918-இல்தான் புத்தகமாக வெளிவந்தது.